மடத்துச் சுவரில் இருந்த முகம்

எங்கள் தெரு மடத்தை இடித்துக் கட்டுவதென்று முடிவானதும், சுவரில் இருந்த படத்தைக் கழற்றிப் பத்திரப்படுத்தும் பொறுப்பு என்னிடம் வந்தது. சம்பா அறுவடை முடிந்த மாசி மாதம். என் குறிப்பேட்டில் வியாழக்கிழமை என்று இருக்கிறது. அக்கா வெள்ளிக்கிழமை என்கிறாள். அவள் சொல்வது சரியாக இருக்கலாம். சில நாள் குறிப்பை நான் மறுநாள்தான் எழுதுவேன், கிழமை ஒன்று முன்பின் ஆகிவிடும்.

மடம் என்றதும் பெரிதாக எண்ண வேண்டாம். திருத்துறைப்பூண்டி சாலையிலிருந்து வாய்க்கால் மதகைத் தாண்டி இறங்கினால் எங்கள் தெரு. தெருவின் நடுவில், முப்பது பேர் நெருக்கி உட்காரக்கூடிய ஓட்டுக் கட்டடம். உள்ளே விக்கிரகம் கிடையாது. கிழக்குச் சுவரில் ஒரு படம் மட்டும். தில்லைக்கு நாளைக்குப் போவேன், நாளைக்குப் போவேன் என்று சொல்லிக்கொண்டே இருந்த அடியாரின் படம். அறுபத்துமூவரில் ஒருவர். எங்கள் தெருவில் அவரைப் பெயர் சொல்லும் வழக்கம் இல்லை. ‘நம்ம அடியார்’ என்போம். இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.

கதை தெரியாதவர்களுக்காக இரண்டு வரி. எங்களைப் போலவே ஊருக்கு வெளியே இருந்த சேரியில் பிறந்தவர். கோயிலுக்குள் போக முடியாது. திருப்புன்கூரில் வாசலில் நின்று எட்டிப் பார்த்தார், நந்தி மறைத்தது, சிவன் சொல்லி நந்தி விலகியது. இன்றும் அங்கே நந்தி சற்று விலகித்தான் படுத்திருக்கிறது. நான் இருமுறை போய்ப் பார்த்திருக்கிறேன். கடைசியில் தில்லைக்குப் போனார். தீயில் இறங்கி எழுந்த பிறகுதான் அவரால் உள்ளே போக முடிந்தது. அந்தத் தீயைப் பற்றி எங்கள் தெருவில் இரண்டு கட்சி உண்டு. ஜோதியில் கலந்தார் என்பது ஒரு கட்சி. கொளுத்திவிட்டார்கள் என்பது இன்னொரு கட்சி. புரட்டாசி ரோகிணியில் குருபூஜை முடிந்ததும் இரண்டு கட்சியும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிடும்.

படம் ஒரு முழத்துக்குச் சற்றுக் கூடுதல் உயரம். பழுப்பேறிய அச்சுத்தாள், கண்ணாடி போட்ட மரச்சட்டம். கை கூப்பி, கண்ணை மேலே உயர்த்தி, நெற்றி நிறையத் திருநீறோடு அடியார் நிற்பார். மேல்துண்டைக் கழுத்துக்குக் கீழே மார்பு முழுக்க மூடிப் போர்த்தியிருப்பார்.

அந்தத் துண்டுக்கு எங்கள் தெருவில் ஒரு சரித்திரம் உண்டு. அப்பா காலத்தில் எங்கள் ஆட்கள் ஊர்த்தெருவில் நடக்கும்போது துண்டை இடுப்பில் கட்டிக்கொள்ள வேண்டும். தோளில் போடக்கூடாது. மடத்தில் படம் மாட்டிய பிறகு யாரோ அதைக் கவனித்துச் சொல்லியிருக்கிறார்கள்: அடியார் துண்டை இடுப்பில் கட்டவில்லை பாருங்க, சாமி முன்னாலேயே போர்த்திக்கிட்டு நிக்கிறார் பாருங்க. அடுத்த குருபூஜைக்கு எங்கள் தெரு ஆண்கள் எல்லோரும் அதேபோல மார்பு மூடித் துண்டு போர்த்திக்கொண்டு ஊர்த்தெரு வழியாக நடந்திருக்கிறார்கள். அந்த வருஷம் அறுவடைக்கு எங்களை யாரும் கூப்பிடவில்லை என்று அப்பா சொல்வார். எந்த வருஷம் என்று கேட்டால், ‘துண்டு போட்ட வருஷம்’ என்பார். அதற்கு மேல் தேதி கிடைக்கவில்லை. இன்றும் குருபூஜை அன்று எங்கள் ஆண்கள் அப்படித்தான் போர்த்துகிறார்கள். துபாயில் இருப்பவர்கள்கூட அங்கேயிருந்து அப்படிப் படம் எடுத்து அனுப்புகிறார்கள்.

நான் பொதுப்பணித் துறையில் வாய்க்கால் மதகுகளின் நீர்மட்டம் குறிக்கும் வேலையில் முப்பத்துநான்கு வருஷம் இருந்து ஓய்வு பெற்றவன். மேட்டூரில் திறந்த தண்ணீர் எங்கள் கடைமடைக்கு வந்துசேரும் நாளைக் குறிக்கத் தொடங்கி, பிறகு எதற்கும் தேதி குறிப்பவனாக ஆகிவிட்டேன். அதனால்தான் படம் என் வீட்டுக்கு வந்தது. மடம் திறக்கும்போது போடப்போகும் விழா மலரில் தெரு வரலாற்றை எழுதும் வேலையும் எனக்கே வந்தது.

படம் வந்த மறுநாள் அக்காவும் வந்தாள். என்னைவிட ஏழு வயது மூத்தவள். அடுத்த தெருவில்தான் இருக்கிறாள். எழுதப் படிக்கத் தெரியாது. இருபது பெண்கள் கொண்ட நடவுக் கொத்தை நடத்தியவள். கல்யாணமான நாளிலிருந்து சாயங்காலம் மடத்துக்குப் போய் அந்தப் படத்துக்கு ஒரு முழம் பூ வைத்து, கொஞ்ச நேரம் முணுமுணுவென்று பேசிவிட்டு வருவது அவள் வழக்கம். பேச்சு பெரும்பாலும் அத்தானைப் பற்றிய புகார். அத்தான் குடித்தார், ஊர் சுற்றினார், பிறகு திருந்தினார், பிறகு இறந்துபோனார். இறந்த பிறகும் புகார் நிற்கவில்லை. இப்போது அதே வழக்கம் என் வீட்டுக் கூடத்தில் தொடர்ந்தது. நான் உள்ளே எழுந்து போய்விடுவேன்.

மலருக்காக நான் எழுதியதில் இரண்டு பக்கம் அடியாரின் கதை எப்படி வளர்ந்தது என்பது. பன்னிரண்டாம் நூற்றாண்டுப் புராணத்தில் அடியாருக்குப் பண்ணையார் கிடையாது. அவரைத் தில்லைக்குப் போகவிடாமல் தடுக்கும் பண்ணையார், நாற்பது வேலி நிலத்து வேலையையும் ஒரே ராத்திரியில் முடித்துவிட்டுப் போ என்று சொல்லும் பண்ணையார், பத்தொன்பதாம் நூற்றாண்டில் கதை பாடியவர்கள் சேர்த்தவர். அங்கிருந்து நாடகத்துக்கு வந்தார். பேசாப் படக் காலத்திலேயே சினிமாவுக்கும் வந்துவிட்டார். பேசும் படம் வந்த பிறகு அதே கதையை ஒன்றுக்கு மேற்பட்டவர்கள் எடுத்தார்கள். அப்பா கல்யாணத்துக்கு முன்பு டென்ட் கொட்டகையில் மணலில் உட்கார்ந்து பார்த்திருக்கிறார். பண்ணை வீட்டார் அதே படத்தைப் பின்னால் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தார்களாம். படம் முடிந்து திரும்பும்போது எங்கள் ஆட்கள் பக்தியைப் பற்றிப் பேசவில்லை. நாற்பது வேலி என்றால் இருநூற்றறுபது ஏக்கருக்கு மேல், ஒரே ராத்திரியில் வேலை முடிய எத்தனை கொத்து வேண்டும், அத்தனை பேருக்கும் கஞ்சி ஊற்றியது யார் என்று பேசிக்கொண்டே நடந்தார்களாம். புராணத்தில் இல்லாத பண்ணையாரை எங்கள் தெரு முழுசாக நம்பியதற்குக் காரணம் எளிது. அவரை அவர்கள் தினம் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஆடி மாதம் சட்டத்தின் ஓரத்தில் செல் அரித்திருப்பதைப் பார்த்துப் பின்பலகையைக் கழற்றினேன். தாளின் பின்பக்கம் பாட்டுகளின் முதல் வரிகள் வரிசையாக அச்சிட்டிருந்தன. கொட்டகை வாசலில் விற்பார்களே, அந்தப் பாட்டுப் புத்தகத்தின் அட்டை. கீழே சட்டத்துக்குள் மடித்துச் செருகியிருந்த பட்டையைப் பிரித்தேன். அடியாராக நடிப்பவர் ‘ஸ்ரீமதி’ என்று அச்சாகியிருந்தது. பெயர் இருந்த இடத்தைப் பூச்சி தின்றிருந்தது.

படத்தைத் திருப்பி நெடுநேரம் பார்த்தேன். எங்கள் அடியார் ஒரு பெண். ஆண் வேடத்தில் பெண்கள் பாடி நடிப்பது அந்தக் காலத்தில் அதிசயமில்லை. சினிமாவில் எடுத்த படமா, நாடகத்தில் எடுத்ததை அட்டைக்குப் பயன்படுத்தினார்களா, அவர் யார், எதையும் என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. ஒன்று மட்டும் புரிந்தது. மார்பு முழுக்க ஏன் துண்டு போர்த்தியிருந்தது என்பது.

இந்த இடத்தில் நான் செய்த தவற்றை எழுத வேண்டும். நாற்பத்தெட்டு வருஷமாக அந்தப் படத்தின் முன் நின்ற அக்கா தினமும் என் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தாள். அவளிடம் முதலில் சொல்லாமல், கண்டுபிடித்த குஷியில் உட்கார்ந்து ஒரு பக்கம் எழுதி, தட்டச்சு செய்யச் சொல்லி அவள் மகனுக்கு வாட்ஸப்பில் அனுப்பினேன். அவன் பொறியாளர், மடத்துக் கமிட்டியின் செயலாளர். அவன் அதைக் கமிட்டிக் குழுவில் போட்டுவிட்டான். அன்று சாயங்காலமே வந்தான்.

“என்ன மாமா இது? இத்தனை வருஷம் சினிமா நடிகையத்தான் கும்பிட்டோமா?”

“அடியாரைத்தான் கும்பிட்டோம் மாப்ள. நடிச்சது அவங்க.”

“எழுதறதுக்கு நல்லா இருக்கு. வெளியில தெரிஞ்சா ஊர்த்தெருக்காரன் சும்மா இருப்பானா? ‘உங்க சாமி புடவைய அவுத்து வச்சுட்டு வந்துச்சா’ன்னு கேப்பான். அதை விடுங்க. அந்த முகத்தைப் பாருங்க. பட்டுல வளந்த முகம். வயல்ல நின்ன முகமா அது? நம்ம ஆளு ஒருத்தர்தான் அறுபத்துமூணுல இருக்காரு. அவருக்கும் நம்ம முகம் இல்லன்னா எப்படி?”

அவன் கடைசியாகச் சொன்னதை அன்றைய குறிப்பில் அப்படியே எழுதி வைத்தேன். கமிட்டி முடிவு செய்துவிட்டது: புது மடத்தில் பழைய படம் வேண்டாம், புதுப் படம்.

அக்காவுக்கு நான்தான் சொன்னேன். தட்டில் பூவோடு நின்றவள் கீழே உட்கார்ந்துவிட்டாள்.

“பொம்பளையா?”

“ஆமாக்கா.”

“நல்லா பாத்தியா? பூச்சி தின்னதுல பாதிய வச்சுக்கிட்டுச் சொல்றியா?”

“நல்லா பாத்துட்டேன்.”

படத்தை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு சிரிப்பு வந்துவிட்டது. “அதானே பாத்தேன். ஆம்பளையா இருந்தா நான் சொன்னதையெல்லாம் இத்தனை வருஷம் நின்னு கேட்டிருப்பானா?”

சிரிப்பு சட்டென்று நின்றது. “இப்ப அவங்களத்தான் தூக்கிப் போடப் போறீங்களா?”

நான் பின்பலகையை எடுத்துப் பொருத்தத் தொடங்கினேன்.

“நீ எதுக்குடா பலகையைக் கழட்டுன? செல்லு அரிச்சா மண்ணெண்ணெய் தடவ வேண்டியதுதானே. ஊருக்கெல்லாம் எழுதிப்புட்டு கடைசியா எங்கிட்ட வந்து சொல்ற. நான் இனிமே எங்க போய் நிப்பேன்?”

பூவை வைக்காமல் தட்டோடு எழுந்து போனாள். பதினோரு நாள் வரவில்லை. பன்னிரண்டாம் நாள் வாசலில் நின்றபடியே கேட்டாள்: “அவங்க உசுரோட இருக்காங்களா?”

“இருக்க முடியாதுக்கா. நூறு தாண்டியிருக்கும்.”

“எப்ப செத்தாங்க?”

“யாருன்னே தெரியலையே.”

“நீதான் தேதி எழுதறவனாச்சே. பூனை குட்டி போட்டா எழுதற. இதை எழுத மாட்டியா?” குரல் தணிந்தது. “எங்கேயோ பாட்டுப் பாடிட்டு இருந்த பொம்பளைகிட்டப் போயி, ஒறவா தாயாதியா, என் வீட்டுச் சண்டையெல்லாம் கொட்டியிருக்கேன். அவங்களுக்குன்னு ஒரு வேளை சோறு வச்சதில்ல. செத்த நாளு தெரிஞ்சா வைக்கலாம்னு பாத்தேன்.”

அதன்பிறகு தஞ்சாவூருக்கு இருமுறை போனேன். பழைய பாட்டுப் புத்தகங்கள் சேர்த்து வைத்திருக்கும் ஒருவரைப் பார்த்தேன். சினிமாவில் அடியாராக நடித்துப் பேர்போன பாடகியின் படங்களைக் காட்டினார், முகம் ஒத்துவரவில்லை. நூலகத்தில் இரண்டு பகல் உட்கார்ந்தேன். எங்கள் அட்டைக்கு ஜோடி எங்கும் கிடைக்கவில்லை. நீர்மட்டம் தெரியாத நாளில் பதிவேட்டில் கோடு போட்டுவிடுவது எங்கள் துறை வழக்கம். ஊகித்து எழுதக்கூடாது. இங்கேயும் கோடுதான் போட்டேன்.

இதற்கிடையில் மருமகன், அக்கா மகன்தான், புதுப் படம் தயாரித்துக்கொண்டிருந்தான். கம்ப்யூட்டரில் விவரம் எழுதிக் கேட்டால் அதுவே வரைந்து தருமாம். முதலில் வந்த அடியாருக்கு மலைபோலப் புஜம், வயிற்றில் கட்டுக்கட்டாகச் சதை. “சாமியா, ஜிம் மாஸ்டரா?” என்று கமிட்டியிலேயே கேலி செய்தார்கள். இரண்டாவது படம் பரவாயில்லை, ஆனால் துண்டு இடுப்பில் கட்டியிருந்தது. அதை மருமகனே பார்த்துக் கொதித்துப்போய் அழித்தான். ஆண் வேடம் போட்ட பெண் கூச்சத்துக்குப் போர்த்திய துண்டாக இருந்தாலும், எங்கள் அப்பாக்கள் அதை மானத்துக்குப் போர்த்திக்கொண்டு ஊர்த்தெருவில் நடந்தவர்கள். அதை விட்டுக்கொடுக்க அவனுக்கும் மனமில்லை. நான் இதை அவனிடம் சொல்லிக்காட்டவில்லை.

ஆவணிக் கடைசியில் புதுப் படம் வந்தது. காங்கிரீட் மடத்தில் சுண்ணாம்பு வாசனை போகவில்லை. நாலடி உயரச் சட்டத்தைச் சுவரில் மாட்டிவிட்டு அம்மாவைக் கூட்டிவரச் சொன்னான். நானும் போனேன். நல்ல கறுப்பு. வெயிலில் சுருங்கிய கண். நரைத்த மார்முடி ஓரத்தில் எட்டிப் பார்க்க, துண்டு சரியாக மார்பு மூடிப் போர்த்தியிருந்தது. கும்பிட்ட கைகளில் நரம்பு புடைத்திருந்தது. அது அத்தான்.

“அப்பா போட்டோவக் குடுத்துத்தாம்மா வரைய வச்சேன்,” என்றான். “நம்ம முகம் வேணும்னு பாத்தேன். அப்பாவ விட்டா யாரு? நாப்பது வருஷம் சேத்துல நின்ன மனுஷன்.”

அக்கா கிட்டே போய்ப் பார்த்தாள். கண்ணாடியில் கைவைத்தாள்.

“முகம் அப்படியே இருக்குடா.”

“பிடிச்சிருக்காம்மா?”

“நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒண்ணு கேக்கறேன். உங்கப்பன் உசுரோட இருந்தப்ப நான் ஒருநாளு கும்பிட்டதப் பாத்திருக்கியா?”

“அம்மா...”

“இந்த ஆளு குடிச்சுட்டு வந்து கதவை ஒடச்ச அன்னைக்கு எங்கடா போயி அழுதேன்? இங்கதான். இந்த ஆளைப் பத்தி இந்த ஆளுகிட்டயே வந்து சொல்லச் சொல்றியா? கேட்டுட்டு ராத்திரி வீட்டுக்கு வந்து அடிப்பாருடா.”

எனக்குச் சிரிப்பு வந்தது. மருமகனைப் பார்த்ததும் அடக்கிக்கொண்டேன். அவன் சுவரைப் பார்த்து நின்றான். அக்காவும் அதைக் கவனித்தாள்.

“கோச்சுக்காத. உங்கப்பாவ சாமியாக்கணும்னு தோணுச்சு பாரு, அது போதும் அவருக்கு. வீட்டுல மாட்டு. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். பொங்கலுக்குப் படைப்போம். இங்க வேணாம்.”

“அப்ப அந்த நடிகைதான் வேணுமா உனக்கு? வேணும்னா ரெண்டையும் வைப்போம். அதை ஓரமா வைக்கலாம்.”

“ஓரமா நிக்கச் சொன்னதெல்லாம் போதும்டா,” என்றாள் அக்கா. யாரைப் பற்றிச் சொன்னாள் என்று நாங்கள் இருவருமே கேட்கவில்லை.

அன்று எதுவும் முடிவாகவில்லை. மறுநாள் கமிட்டியில் மருமகன் என்ன பேசினான் என்று எனக்குத் தெரியாது. நான் உறுப்பினர் இல்லை. சாயங்காலம் என் வீட்டுக்கு வந்து, “அட்டையக் குடுங்க மாமா, கண்ணாடி மாத்திப் போடறேன்,” என்றான். கீழ்ப்பட்டையை மடிக்காமல் வெளியே தெரியும்படி சட்டம் போட்டு மடத்துச் சுவரில் மாட்டினான், அத்தான் படம் அவன் வீட்டுக்குப் போனது. இப்போது ‘ஸ்ரீமதி’யும், அதற்குப் பக்கத்தில் பூச்சி தின்ற ஓட்டையும் யார் வந்தாலும் பார்க்கலாம். புரட்டாசி ரோகிணி அன்று மடம் திறந்தது. மலரில் என் பக்கம் வந்தது. ஊர்த்தெருவிலிருந்து ஒன்றிரண்டு கேலி வரத்தான் செய்தது. துண்டு போர்த்திய எங்கள் பையன்கள், “ஆமா, எங்க அடியார் பொம்பளைதான், இப்ப என்ன?” என்று கேட்டதாகக் கேள்வி. தீயைப் பற்றிய இரண்டு கட்சிகளோடு இப்போது இது மூன்றாவது கட்சி.

செத்த நாள் தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசையில் படைப்பது வழக்கம். குருபூஜை முடிந்த ஒன்பதாம் நாள் அமாவாசை வந்தது. பெண் இறந்திருந்தால் படையலில் புதுப் புடவை வைக்க வேண்டும். எடுத்துவர மருமகன் திருத்துறைப்பூண்டிக்குப் போனான். வெளிர்ச் சாம்பல் நிறத்தில் ஒன்று கொண்டுவந்தான்.

“என்னடா இது, விதவைக்கு எடுத்தாப்புல?” என்று அக்கா பிரித்துப் பார்த்துவிட்டு அவன் மடியில் போட்டாள். “சினிமாவுல நடிச்சவங்கடா அவங்க. போ, நல்ல அரக்குல, சரிகை வச்சு எடுத்துட்டு வா. கடை மூடறதுக்குள்ள.”

அவன் முணுமுணுத்துக்கொண்டே வண்டியை எடுத்தான். அக்கா மடத்துத் தரையில் தலைவாழை இலையை விரித்து, நுனி எந்தப் பக்கம் இருக்க வேண்டும் என்று என்னிடம் கேட்டாள். அந்த அம்மா எங்களைப் பார்த்து நிற்பதால், இலையை அவரைப் பார்த்து, நுனி அவருக்கு இடப்பக்கம் வரும்படி போட்டோம்.